ஒட்டு நகங்களை வீட்டிலேயே பத்திரமாகக் கழற்றுவது எப்படி: முழுமையான வழிகாட்டி

நகம் கெட்டுப்போய் என்னிடம் வருகிற பெண்களிடம் முதலில் ஒன்றைத்தான் கேட்பேன்: "எப்படிக் கழற்றினீர்கள்?" பெரும்பாலும் ஒரே பதில்தான் வரும். பல்லால் கடித்திருப்பார்கள், நகவெட்டியின் நுனியை உள்ளே விட்டு நெம்பியிருப்பார்கள், அல்லது ஓரம் கிளம்பியதும் ஒரேயடியாகப் பிடுங்கியிருப்பார்கள். பூட்டியபோது நன்றாகவே இருந்த நகம், கழற்றிய அந்தக் கால்மணி நேரத்தில்தான் நாசமாகியிருக்கும். மணப்பெண் அலங்காரத் தொழிலில் இருப்பவள் என்ற முறையில் இது எனக்கு உண்மையான கவலை. பூட்டுவதற்கு மூன்று மணி நேரம் பொறுமையாக உட்கார்ந்திருக்கும் பிள்ளை, கழற்றுவதற்கு முப்பது நிமிடம் பொறுக்க மாட்டேன் என்கிறது.

யாழ்ப்பாணத்தில் இந்தத் தேவை பருவத்தோடு வருகிறது. நல்லூர்த் திருவிழாவை ஒட்டி ரொறன்ரோவிலிருந்தும் லண்டனிலிருந்தும் பாரிஸிலிருந்தும் வருகிற பிள்ளைகள் அங்கே பூட்டிய அக்ரிலிக் நகத்தோடு வந்து இறங்குகிறார்கள். இரண்டு மூன்று வாரத்தில் அடிநகம் வளர்ந்து இடைவெளி தெரியத் தொடங்கும். இங்கே கலியாணத்துக்கும் சாமத்திய வீட்டுக்கும் பூட்டியவர்களுக்கு அவசரம் வேறு விதமானது. ஞாயிற்றுக்கிழமை வைபவம், திங்கட்கிழமை பள்ளிக்கூடம் அல்லது வேலை. தாதியர் பயிற்சியில் இருக்கும் பிள்ளைகள் விடுதிக்குத் திரும்புமுன் கழற்றியே ஆகவேண்டும். நோயாளரைத் தொடும் பணியாளர் செயற்கை நகம் அணியக்கூடாது என்று உலக சுகாதார நிறுவனத்தின் 2009ஆம் ஆண்டுக் கைச்சுத்த வழிகாட்டலே சொல்கிறது. அறுவைச் சிகிச்சைக்குப் போகிறவர்களிடமும் நகத்தைக் கழற்றிவிட்டு வரச் சொல்வார்கள், ஏனென்றால் விரலில் மாட்டி ஒட்சிசன் அளக்கும் கருவி சரியாக வாசிக்காமல் போகலாம்.

இந்த வழிகாட்டி முழுவதற்கும் ஒரே விதிதான் அடிப்படை. கழற்றுகிற வேலையைச் செய்ய வேண்டியது கரைப்பானும் நேரமும். உங்கள் பலம் அல்ல. ஒட்டு நகம் வழுகி வரவேண்டும். வழுகவில்லை என்றால் இன்னும் ஊறவில்லை என்று அர்த்தம். திரும்பவும் பஞ்சு வைத்துச் சுற்றுங்கள். இதைவிட்டு வேறு இரகசியம் எதுவும் இல்லை.

ஏன் இப்படி வற்புறுத்துகிறேன் என்றால், நகத்தட்டு என்பது கெரற்றின் என்ற புரதம் நிரம்பிய இறந்த கலங்கள் படை படையாக அடுக்கிய ஒன்று. கைவிரல் நகத்தின் மொத்தத் தடிப்பே அரை மில்லிமீற்றர் அளவுதான். ஒட்டு நகத்தைப் பிடுங்கும்போது பசை தனியாக வருவதில்லை. மேலடுக்குகளையும் உரித்துக்கொண்டு வருகிறது. பிடுங்கிய நகத்தின் உட்பக்கத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். வெள்ளையாக, செதிள் செதிளாக ஒட்டியிருப்பது பசை அல்ல, உங்கள் சொந்த நகம். போன அடுக்கு எந்த எண்ணெய் பூசினாலும் திரும்பி வராது. கைநகம் மாதத்துக்கு ஏறத்தாழ 3 மில்லிமீற்றர்தான் வளரும். அடியிலிருந்து நுனிவரை புதிதாக வர ஆறு மாதமளவு ஆகும்.

முதலில் உங்கள் கையில் இருப்பது என்ன வகை?

இதைத் தெரியாமல் தொடங்குவதுதான் பாதிப் பிரச்சினைக்குக் காரணம். பூட்டிய இடத்தில் கேட்பதே நல்லது. வெளிநாட்டில் பூட்டியது என்றால் ஒரு குறுஞ்செய்தி போட்டுக் கேட்கலாம். கேட்க வழியில்லாவிட்டால் இப்படி அடையாளம் காணுங்கள்.

கடையில் பெட்டியாக வாங்கி, பசையோடோ ஒட்டும் வில்லையோடோ அழுத்திப் பூட்டியது அழுத்து நகம். கழற்றுவதற்கு மிக இலகு. சாதாரணக் கியூடெக்ஸ் போல மெல்லியதாக, ஆனால் பூசியபின் புற ஊதா விளக்கின் கீழ் காயவைத்தது ஜெல் பொலிஷ். தூளில் விரலைத் தோய்த்து அடுக்கியது டிப் பவுடர். அதன் பசை சூப்பர் குளூவின் இனம், அசிட்டோன் என்ற கரைப்பானில் கரையும். திரவமும் தூளும் கலந்து தூரிகையால் கட்டியெழுப்பியது அக்ரிலிக். பூட்டும்போது மூக்கைத் துளைக்கும் மணம் வந்திருந்தால் அதுதான். பொய்ப்பல் கட்டும் பொருளின் குடும்பத்தைச் சேர்ந்தது என்பதால் அவ்வளவு உறுதி.

கடைசி வகைதான் சிக்கலானது: ஹார்ட் ஜெல். பார்வைக்கு அக்ரிலிக் போலவே தடிப்பாக இருக்கும், விளக்கின் கீழ் காயவைத்திருப்பார்கள், ஆனால் அசிட்டோனில் கரையாது. அராவித்தான் எடுக்கவேண்டும். பில்டர் ஜெல் என்று சொல்லப்படுவதில் சில கரையும், சில கரையாது. பொலிஜெல்லும் பெரும்பாலும் அராவல் வேலைதான்.

சந்தேகம் இருந்தால் ஒரு விரலில் மட்டும் சோதியுங்கள். பளபளப்பான மேற்பூச்சை அரத்தால் மங்கலாகும்வரை தேய்த்து, அசிட்டோன் நனைத்த பஞ்சுத் துண்டை வைத்துப் பத்து நிமிடம் சுற்றிவிடுங்கள். எடுத்துப் பார்க்கும்போது மேற்பரப்பு பிசுபிசுப்பாகவோ சுருங்கியோ இருந்தால் கரையும் வகை. கண்ணாடிபோல அப்படியே இருந்தால் ஹார்ட் ஜெல் என்றே எடுத்துக்கொள்ளுங்கள்; அதற்கு இந்த வழிகாட்டியில் சொல்லும் முறை உதவாது, கை பழகிய ஒருவரிடம் போங்கள். மின்சார அரம் ஒன்றை இணையத்தில் வாங்கி நீங்களே முயல்வதை நான் கடுமையாக எதிர்க்கிறேன். சுழலும் நுனி ஒட்டு நகத்தைக் கடந்து சொந்த நகத்துக்குள் இறங்க ஒரு நொடி போதும். சூடு தெரிவதற்குள் பள்ளம் விழுந்துவிடும்.

வீட்டில் கைவைக்கக்கூடாத நிலைமைகள்

நகத்தைச் சுற்றிச் சிவந்து வீங்கியிருந்தால், சீழ் இருந்தால், தொட்டால் விண்விண் என்று வலித்தால் வீட்டில் தொடாதீர்கள். ஒட்டு நகத்துக்கு அடியில் பச்சையாகத் தெரிந்தாலும் அப்படித்தான். ஈரம் தேங்கிய இடைவெளியில் சூடோமோனாஸ் என்ற பக்டீரியா வளர்வதால் வரும் நிறம் அது. அழுக்கு என்று சுரண்ட வேண்டாம். ஒட்டு நகம் அடிபட்டுப் பாதி உடைந்து, சொந்த நகத்தையும் கிழித்துக்கொண்டு தசைவரை போயிருந்தால் வைத்தியசாலைக்குப் போங்கள். நீரிழிவு உள்ளவர்கள், முக்கியமாகக் கால்விரல் நகங்களைப் பொறுத்தவரை, வீட்டுப் பரிசோதனை எதுவும் வேண்டாம். சிறிய கீறலும் ஆறாமல் இழுக்கும். ஆஸ்துமா உள்ளவர்கள் நல்ல காற்றோட்டத்தில், இன்னொருவர் துணையோடு செய்யலாம். மூச்சு இறுகினால் உடனே நிறுத்தவேண்டும்.

சாமத்தியச் சடங்குக்குப் பூட்டிய சின்னப் பிள்ளையின் நகத்தைக் கழற்றுவது என்றால் பெரியவர் ஒருவர் பக்கத்தில் இருந்து செய்யவேண்டும். அந்த வயதில் நகம் இன்னும் மெல்லியது. பெட்டியில் வாங்கிப் பூட்டிய நகமாக இருந்தால் பெரும்பாலும் அசிட்டோனே தேவைப்படாது.

என்ன வேண்டும்

முக்கியமானது தூய அசிட்டோன். போத்தலில் 100 சதவீதம் என்று எழுதியிருக்க வேண்டும். அழகுசாதனப் பொருட்கள் விற்கும் கடைகளில் கேளுங்கள். வழமையான கியூடெக்ஸ் ரிமூவர் சாதாரணப் பூச்சுக்குச் சரி. அசிட்டோன் இல்லாதது என்று எழுதிய வகையில் பெரும்பாலும் எதைல் அசற்றேற்று இருக்கும், அதைக்கொண்டு அக்ரிலிக்கை மணிக்கணக்காக நனைத்தாலும் பெரிய பலன் இராது.

ஒன்றைக் கவனமாகக் கேளுங்கள். வன்பொருள் கடையில் பெயின்ற் கரைக்க விற்கும் தின்னர் அசிட்டோன் அல்ல. அதில் தொலுயீன் போன்ற வேறு கரைப்பான்கள் கலந்திருக்கும். "இரண்டும் ஒரே மணம்தானே" என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். தின்னர், பெற்றோல், மண்ணெண்ணெய் இவை எதுவும் விரலில் படக்கூடாது.

மற்றவை எல்லாம் வீட்டிலும் பாமசியிலும் இருப்பவை. வெள்ளைப் பஞ்சு, சமையலுக்கு வாங்கும் அலுமினியத் தாள், வாஸலின், தேங்காய் எண்ணெய் அல்லது நல்லெண்ணெய், நகவெட்டி, மரக்குச்சி ஒன்று, அரம் இரண்டு. அரத்தின் முதுகில் இலக்கம் இருக்கும்: 100 அல்லது 180 என்றால் கரடு, ஒட்டு நகத்தின் மேற்பூச்சை எடுக்க மட்டும். 240 என்றால் மென்மை, கடைசியில் சொந்த நகத்தின் நுனியை ஒழுங்குபடுத்த. கரட்டு அரத்தைச் சொந்த நகத்தின் மேல் வைக்கவே கூடாது. உலோகத் தள்ளுகோலை லாச்சியிலேயே விட்டுவிடுங்கள். பழகாத கையில் அது உளியாகிவிடும். மூக்கை மூட ஒரு முகக்கவசமும் எடுத்துவையுங்கள். அராவும்போது பறக்கும் தூள் நுரையீரலுக்கு நல்லதல்ல.

அசிட்டோனை ஊற்றிவைக்கக் கண்ணாடிக் கோப்பையோ பீங்கானோ எவர்சில்வரோ எடுங்கள். ரெஜிபோம் கோப்பையில் ஊற்றினால் கண்முன்னே உருகி ஓட்டையாகி மேசை முழுக்க ஊற்றும். பொலிஷ் போட்ட தேக்கு மேசை, கைத்தொலைபேசியின் உறை, மூக்குக் கண்ணாடிச் சட்டகம், மேசையில் கிடக்கும் பேனா எல்லாவற்றையும் அது தின்னும். பழைய பத்திரிகையை நாலாக மடித்து விரித்து, மேலே பழைய பருத்தித் துவாயைப் போட்டுக்கொள்ளுங்கள். மோதிரங்களைக் கழற்றி வையுங்கள்.

நெருப்பு

இதற்குத் தனித் தலைப்பு கொடுப்பது வேண்டுமென்றேதான். அசிட்டோன் சாதாரண அறை வெப்பத்திலேயே தீப்பற்றக்கூடிய ஆவியை விடும். சுழியத்துக்குக் கீழே 18 பாகை வரை குளிர்ந்தாலும் பற்றும் பொருளுக்கு யாழ்ப்பாணத்து மதிய வெயில் எம்மாத்திரம். அந்த ஆவி காற்றைவிடப் பாரமானது. தரையோடு தரையாகப் பரவி, சற்றுத் தள்ளி இருக்கும் சுடரைத் தேடிப்போகும்.

ஆகவே குசினியில் செய்யாதீர்கள். சாமியறைக்குப் பக்கத்தில் செய்யாதீர்கள். விளக்கும் ஊதுபத்தியும் கர்ப்பூரமும் எரியும் வீடு நம்முடையது. பின்னேரத்தில் கொளுத்தும் நுளம்புச் சுருளும் நெருப்புத்தான் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். மின்சாரம் நின்று மெழுகுதிரி ஏற்றும் வேளையில் தொடங்கவே வேண்டாம். பகலில், முன்விறாந்தையில், கதவும் யன்னலும் திறந்து வைத்துச் செய்யுங்கள். சிகரெட் பிடிக்கும் ஆண்கள் வீட்டில் இருந்தால் முன்கூட்டியே சொல்லிவையுங்கள்.

அசிட்டோனை ஒருபோதும் சூடாக்காதீர்கள். அது கொதிப்பதே 56 பாகையில். அடுப்பிலோ மைக்ரோவேவிலோ வைப்பது வீட்டைக் கொளுத்தும் வேலை. சூடு இருந்தால் விரைவில் கரையும் என்பது உண்மைதான். ஆனால் நம்மூர் வெப்பம் அதற்கே போதுமானது. மின்விசிறி ஓடலாம், ஆனால் கைக்கு நேரே வீசக்கூடாது. பஞ்சு காய்ந்துபோனால் எவ்வளவு நேரம் இருந்தாலும் பயனில்லை.

அழுத்து நகம்

வில்லையால் ஒட்டியது என்றால் இளஞ்சூட்டு நீரில் கொஞ்சம் சவர்க்காரமும் சில துளி தேங்காய் எண்ணெயும் விட்டு, பத்து முதல் பதினைந்து நிமிடம் விரல்களை அமிழ்த்தி வையுங்கள். பிறகு மரக்குச்சியின் தட்டையான நுனியைப் பக்க ஓரத்தில் மெதுவாக நுழைத்து, இடமும் வலமுமாக அசையுங்கள். மேலே தூக்காதீர்கள். தூக்கினால் நுனி எழும்பும், அடி பிடித்திருக்கும், நடுவில் சொந்த நகம் மடியும். ஓரம் விட்ட இடத்தில் இன்னொரு துளி எண்ணெய் விட்டால் அது உள்ளே இறங்கி மற்றதையும் விடுவிக்கும்.

பசையால் ஒட்டியதும் பெரும்பாலும் இதே முறையில் வந்துவிடும், நேரம்தான் கூடுதல். அரைமணி நேரத்துக்குப் பிறகும் அசையவில்லை என்றால் கையை நன்றாகத் துடைத்துக் காயவைத்து, ஓரங்களில் பஞ்சுக் குச்சியால் அசிட்டோன் தடவிச் சில நிமிடம் பொறுத்து மறுபடி அசையுங்கள். நீரில் ஊறிய நகம் பஞ்சுபோல மென்மையாகியிருக்கும். அந்த நிலையில் அரம் வைத்தால் கீறிவிடும் என்பதால் காயும்வரை அராவ வேண்டாம்.

ஜெல் பொலிஷும் டிப் பவுடரும்

மேற்பூச்சின் பளபளப்பு போகும்வரை மட்டும் அராவுங்கள்; நிறம் முழுவதையும் எடுக்கத் தேவையில்லை. பஞ்சு வைத்து அலுமினியத் தாளில் சுற்றுவது கீழே அக்ரிலிக்குக்குச் சொல்வதுபோலவேதான். ஜெல்லுக்குப் பத்து முதல் பதினைந்து நிமிடம், டிப் பவுடருக்குச் சற்றுக் கூடுதலாக. தாளை எடுக்கும்போது பூச்சு ஓரங்களில் சுருங்கி எழும்பியிருக்கும். மரக்குச்சியால் அடியிலிருந்து நுனிநோக்கித் தள்ளினால் போதும்.

அக்ரிலிக்: நிதானமாகச் செய்யவேண்டிய வேலை

முதலில் நீளத்தைக் குறையுங்கள். சொந்த நகத்தின் நுனியைத் தாண்டி நீண்டிருக்கும் பகுதியை நகவெட்டியால் ஒரே அமுக்கில் வெட்ட வேண்டாம்; அந்த அதிர்ச்சி அடிவரை போய்ப் பிளக்கும். இரண்டு பக்க ஓரங்களிலும் சிறிது சிறிதாகக் கொத்தி நடுவுக்கு வாருங்கள். நீளம் குறைந்தால் கரைக்க வேண்டிய பொருளும் குறையும், தவறுதலாக எங்காவது இடிபட்டு நெம்புவதும் இராது. சொந்த நகம் எங்கே முடிகிறது என்று தெரியாவிட்டால் கையைத் திருப்பி உள்ளங்கைப் பக்கமிருந்து பாருங்கள்.

அடுத்து, முகக்கவசம் போட்டுக்கொண்டு கரட்டு அரத்தால் மேற்பூச்சை எடுங்கள். பளபளப்பு இருக்கும்வரை அசிட்டோன் உள்ளே போகாது. தடிப்பில் பாதிவரை அராவி எடுத்தால் ஊறும் நேரம் நன்றாகக் குறையும். ஆனால் இங்கே கண்ணை எடுக்கக்கூடாது. அராவும்போது சூடு தெரிந்தால் உடனே நிறுத்தி வேறு விரலுக்குப் போங்கள். அக்ரிலிக்கின் நிறத்துக்கு அடியிலிருந்து சொந்த நகத்தின் மெல்லிய கோடுகள் தென்படத் தொடங்கினால் அந்த இடத்தில் அரத்துக்கு வேலை முடிந்தது.

தூளைத் துடைத்துவிட்டு வாஸலினைத் தாராளமாகப் பூசுங்கள். நகத்தைச் சுற்றிய தோல், விரல் நுனி, முதல் மடிப்புவரை. நகத்தின் மேல் படக்கூடாது. அசிட்டோன் தோலின் எண்ணெயை உறிஞ்சி வெள்ளைச் சாம்பல் பூத்ததுபோல ஆக்கிவிடும்; வாஸலின் அதைத் தடுக்கும். விரல் நுனியில் ஏற்கெனவே வெட்டுக்காயம் இருந்தால் அந்த விரலை இன்றைக்கு விட்டுவிடுங்கள்.

பஞ்சை நகத்தின் அளவுக்கே கிள்ளிக்கொள்ளுங்கள். பெரிய துண்டு வைத்தால் அசிட்டோன் நகத்தைவிடத் தோலைத்தான் நனைக்கும். நன்றாக நனைத்து, சொட்டாத அளவுக்குப் பிழிந்து, நகத்தின் மேல் வைத்து அழுத்துங்கள். உள்ளங்கை அகலத்துக்கு வெட்டிய அலுமினியத் தாளின் நடுவில் விரலை வைத்து, நுனியை மடித்து, பக்கங்களை இறுக்கிச் சுற்றுங்கள். காற்று உள்ளே போனால் ஆவி வெளியே போகும். இறுக்கம் வேண்டும், ஆனால் விரல் விறைக்கக்கூடாது.

ஒரு நேரத்தில் ஒரு கை மட்டும். இது வசதிக்காகச் சொல்வதல்ல. பத்து விரலும் தாளுக்குள் இருக்கும்போது பிள்ளை அழுதாலோ தீப்பொறி பறந்தாலோ நீங்கள் எதையும் பிடிக்க முடியாது. வலது கைப் பழக்கமுள்ளவர்கள் இடது கையை முதலில் செய்து பழகிக்கொள்ளலாம். வலது கைக்கு அக்காவையோ தங்கையையோ கூப்பிடுங்கள்.

இருபது நிமிடம் கழித்துச் சின்னவிரலை மட்டும் திறந்து பாருங்கள். எல்லாத் தாளையும் ஒன்றாக அவிழ்த்தால் மற்றவை காற்றுப் பட்டு மறுபடி இறுகிவிடும். சரியாக ஊறிய அக்ரிலிக் ஆறிய கூழின் மேல் படியும் ஆடைபோலச் சுருங்கி, குச்சி பட்டவுடன் நழுவும். மரக்குச்சியைப் படுக்கவைத்துப் பிடித்து, அடியிலிருந்து நுனிநோக்கி, தோலைத் தள்ளுகிற அளவு அழுத்தத்தோடு மட்டும் வழியுங்கள். மேலடுக்கு வந்து கீழே இறுக்கமாக ஏதாவது தட்டுப்பட்டால் அங்கேயே நிறுத்துங்கள். புதுப் பஞ்சு, புது அசிட்டோன், இன்னும் பத்து நிமிடம். தடிப்பான நகத்துக்கு இப்படி இரண்டு மூன்று சுற்று ஆவது வழமைதான். வழித்த கையோடு அடுத்த விரலுக்குப் போங்கள், தாமதித்தால் மென்மை போய்விடும்.

பொறுமை உடையும் இடம் கடைசி மெல்லிய படலம். பெருவிரலில் நடுவில் ஒரு புள்ளி மட்டும் ஒட்டிக்கொண்டு நிற்கும். "இதுதானே" என்று நகத்தால் கிள்ளத் தோன்றும். அந்தப் புள்ளியோடு வருவதுதான் சொந்த நகத்தின் அடுக்கு. அசிட்டோன் பஞ்சால் ஒரு நிமிடம் அழுத்திப் பிடித்துத் துடையுங்கள். போகாவிட்டால் மென்மையான அரத்தால் அந்தப் புள்ளியை மட்டும் இலேசாகத் தொட்டு எடுங்கள். கொஞ்சம் மிஞ்சினாலும் பரவாயில்லை. இரண்டொரு நாளில் தானாக உதிரும், அல்லது வளர்ந்து நுனிக்கு வந்து வெட்டுப்படும்.

முக்கால் மணி நேரம் ஊறியும் அசையாத அக்ரிலிக் இருந்தால் அது மெதைல் மெதாக்ரிலேற்றுக் கலந்த மலிவு வகையாக இருக்கலாம். மிகவும் இறுகிய பொருள் அது. நகத்துக்குத் தீங்கானது என்று அமெரிக்காவின் உணவு மற்றும் மருந்து நிர்வாகம் 1970களிலேயே அதற்கு எதிராக நடவடிக்கை எடுத்தது. அப்படிப்பட்டதோடு வீட்டில் மல்லுக்கட்ட வேண்டாம். நீளத்தைக் குறைத்துவிட்டு, அராவி எடுக்கத் தெரிந்தவரிடம் போங்கள்.

கையில் எரிவு, தலைச்சுற்று, தலையிடி எது வந்தாலும் தாளை அவிழ்த்துக் கையைக் கழுவி வெளியே காற்றில் போய் உட்காருங்கள். மீதியை மறுநாள் செய்யலாம். ஐந்து விரலில் நகத்தோடும் ஐந்து விரலில் இல்லாமலும் ஒரு நாள் இருப்பதில் எந்த வெட்கமும் இல்லை.

கழற்றிய பிறகு

சவர்க்காரம் போட்டுக் கையைக் கழுவித் துடையுங்கள். பிறகு எண்ணெய். தேங்காய் எண்ணெயோ நல்லெண்ணெயோ எதுவானாலும் சரி; விலைகூடிய சீரம் தேவையில்லை. நகத்திலும் சுற்றுத் தோலிலும் தேய்த்துச் சில நிமிடம் விடுங்கள். முதல் வாரத்தில் படுக்கப் போகுமுன் தினமும் இதைச் செய்யலாம். எண்ணெய் நகத்தை வளர்க்காது, ஆனால் காய்ந்து வெடிப்பதைக் குறைக்கும். சொந்த நகத்தைக் குட்டையாக வெட்டி, நுனியை 240 அரத்தால் ஒரே திசையில் உருட்டிவிடுங்கள். நீளமாக விட்டால் மெலிந்த நகம் துணியில் சிக்கிக் கிழியும்.

அன்றைக்குச் சமையலிலிருந்து விலகியிருங்கள் என்று மனதாரச் சொல்வேன். அசிட்டோன் பட்டுக் காய்ந்த விரல் நுனியில் யாழ்ப்பாணத்துக் கறித்தூள் பட்டால் இரவு முழுக்க எரியும். சம்பலுக்குத் தேசிக்காய் பிழிவதும் அப்படித்தான். மஞ்சள் வேறு விதமான தொல்லை. மேற்பரப்பு உரசுப்பட்ட நகம் மஞ்சளை உறிஞ்சி நாள்கணக்கில் மஞ்சளாகவே நிற்கும். நண்டு உடைப்பது, தேங்காய் துருவுவது, கடினமான முடிச்சு அவிழ்ப்பது எல்லாம் ஒரு வாரத்துக்கு வேறு யாராவது செய்யட்டும். பாத்திரம் கழுவும்போதும் உடுப்புத் தோய்க்கும்போதும் இறப்பர்க் கையுறை போடுங்கள். நமது கிணற்று நீர் சுண்ணாம்பு கூடிய கடின நீர். சவர்க்காரத்தோடு சேர்ந்து தோலை இன்னும் காயவைக்கும்.

நகம் மெல்லியதாக, வளையக்கூடியதாக, சூடு குளிர் உறைப்பதாக இருக்கும். பதற வேண்டாம். சில வாரங்களில் கூச்சம் குறையும். அதை மறைக்க உடனே அடுத்த செட்டைப் பூட்டுவதுதான் தவறு. ஆகக் குறைந்தது இரண்டு வாரமாவது சும்மா விடுங்கள். உரிந்து மெலிந்துபோன நகமானால் அந்தப் பகுதி வளர்ந்து வெட்டுப்படும்வரை பொறுப்பதே நல்லது. அடுத்த வைபவம் நெருங்கி வருகிறது என்றால் வில்லையால் ஒட்டும் நகம் போதும். காலையில் பூட்டி, மாலையில் படம் எடுத்து முடிந்ததும் கழற்றலாம்.

மிச்சத்தை என்ன செய்வது

நனைந்த பஞ்சையும் தாளையும் வீட்டுக்குள் குப்பைக்கூடையில் போடாதீர்கள். வெளியே, நிழலில், பிள்ளைகளுக்கும் நாய் பூனைக்கும் எட்டாத இடத்தில் ஒரு தகர மூடியில் விரித்துவைத்து, மணம் போகும்வரை காயவிட்டுப் பிறகு போடுங்கள். வளவில் குப்பை கூட்டிக் கொளுத்தும் வழக்கம் பல வீடுகளில் உண்டு. ஈரப் பஞ்சு அதற்குள் போனால் திடீரென்று பற்றிப் பாயும்.

கோப்பையில் மிஞ்சிய அசிட்டோனைக் கிணற்றடியில் ஊற்றவே கூடாது. குடாநாட்டின் நிலத்தடி நீர் சுண்ணாம்புக்கல் பாறைக்குள்தான் நிற்கிறது. மேலே ஊற்றும் எதுவும் வெடிப்புகள் வழியே விரைவாகக் கீழே போய்விடும், அந்த நீரையே குடிக்கிறோம். ஆகவே தேவையான அளவை மட்டும் ஊற்றிப் பாவியுங்கள், ஒரு கைக்குச் சில மேசைக்கரண்டி தாராளம். போத்தலை இறுக மூடி, வெயில் படாத அலுமாரியின் மேல்தட்டில் வையுங்கள். சோடாப் போத்தலிலோ தண்ணீர்ப் போத்தலிலோ மாற்றி ஊற்றிவைக்காதீர்கள். நிறமில்லாத திரவம், தாகத்தோடு வரும் பிள்ளைக்குத் தண்ணீர்தான்.

அப்படி யாராவது குடித்துவிட்டால் வாந்தி எடுக்கவைக்க முயல வேண்டாம். போத்தலையும் எடுத்துக்கொண்டு உடனே வைத்தியசாலைக்குப் போங்கள், அல்லது 1990 அம்புலன்ஸ் சேவையை அழையுங்கள். கண்ணில் தெறித்தால் கண்ணை விரித்துப் பிடித்து ஓடும் நீரில் கால்மணி நேரம் கழுவிவிட்டு வைத்தியரிடம் காட்டுங்கள்.

எப்போது வைத்தியரிடம்

நகம் தசையிலிருந்து விட்டு வெள்ளையாகத் தெரிந்தால் அந்த இடத்துக்குள் குச்சியோ ஊசியோ விட்டுச் சுத்தம் செய்யாதீர்கள். குட்டையாக வெட்டி, ஈரமில்லாமல் வைத்திருங்கள். விட்ட பகுதி பெருத்துக்கொண்டு போனால், பச்சையோ கறுப்போ மஞ்சளோ நிறம் மாறினால், நகம் தடித்துப் பொடிபொடியாக உதிர்ந்தால், சுற்றுத் தோல் வீங்கிச் சீழ் வைத்தால் பாமசியில் களிம்பு கேட்டு வாங்கிப் பூசிக்கொண்டிருக்க வேண்டாம். பங்கசுக்கும் பக்டீரியாவுக்கும் மருந்து வேறு வேறு. போதனா வைத்தியசாலையின் வெளிநோயாளர் பிரிவிலோ அருகிலுள்ள ஆதார வைத்தியசாலையிலோ காட்டினால் தேவைப்படும்போது தோல் நோய்ப் பிரிவுக்கு அனுப்புவார்கள்.

விரல் நுனியில் அரிப்பு, சிறு கொப்புளம், தோல் வெடிப்பு, சில வேளை கண்ணிமையிலும் கழுத்திலும் சொறி: இவை ஒவ்வாமையின் அறிகுறிகள். அக்ரிலிக்கிலும் ஜெல்லிலும் இருக்கும் மெதாக்ரிலேற்றுகள் முழுதாகக் காயாமல் தோலில் பட்டால் உடல் அவற்றை எதிரியாகப் பதிந்துகொள்ளும். ஒருமுறை அப்படிப் பதிந்தால் பெரும்பாலும் வாழ்நாள் முழுதும் நீடிக்கும். பல் அடைக்கும் பொருளிலும் எலும்பு மூட்டுச் சத்திரசிகிச்சையில் பயன்படும் பசையிலும் இதே குடும்பப் பொருட்கள் இருப்பதால், பின்னாளில் பல் வைத்தியரிடம் போகும்போதும் இந்த ஒவ்வாமையைச் சொல்லவேண்டியிருக்கும். அறிகுறி வந்தவர்கள் அடுத்த முறை வேறு கடையில், வேறு பிராண்டில் முயன்று பார்ப்பது ஆபத்து. பூட்டுவதையே நிறுத்திவிட்டு, பாவித்த பொருளின் பெயரை எழுதிக்கொண்டு தோல் வைத்தியரிடம் போங்கள்.